தெரியும் டீச்சர், எழுதத்தான் வரல்ல: பாடமொழிச் சிக்கலுக்கு அறிகுறி வாரியாக ஒரு வழிமுறை

திருகோணமலையில் தரம் 6 முதல் 11 வரை விஞ்ஞானம் படிப்பிக்கிறேன். ஆசிரியர் தட்டுப்பாடு வரும் தவணைகளில் கணிதமும் என் தலையில் விழும். தவணைத் தாள்களைத் திருத்திக்கொண்டு, "இவ்வளவு படிப்பித்தும் இப்படி எழுதியிருக்கிறார்களே" என்று நொந்துபோயிருக்கும் ஆசிரியர்களுக்காக இதை எழுதுகிறேன். நானும் பல வருடங்கள் அப்படி நொந்தவள்தான். பிள்ளைக்குப் பாடம் விளங்கவில்லை என்று நினைத்துப் பாடத்தையே திரும்பத் திரும்பப் படிப்பித்தேன். உண்மையில் பாதிப் பேருக்குப் பாடம் விளங்கியிருந்தது. பாடம் பேசும் மொழிதான் பிடிபடவில்லை.

அந்த மொழியை இங்கே பாடமொழி என்று சொல்கிறேன். பாடநூலும் வினாத்தாளும் விடைத்தாளும் பேசும் தமிழ் அது. வீட்டில் யாரும் அப்படிக் கதைப்பதில்லை. எழுத்துக்கு ஒரு வழக்கு, பேச்சுக்கு ஒரு வழக்கு என்று ஒரே மொழி இரண்டாக இயங்குவதை 1959 இல் சாள்ஸ் பேர்கசன் என்ற மொழியியலாளர் அரபு, கிரேக்கம் போன்றவற்றை வைத்து விளக்கினார். தமிழும் அந்த வகைதான். ஆகவே எங்கள் பிள்ளை இரண்டு படி ஏற வேண்டியிருக்கிறது. "தண்ணி வத்திட்டுது" என்பதிலிருந்து "நீர் வற்றிவிட்டது" என்பதற்கு ஒரு படி. அங்கிருந்து "நீர் ஆவியாதல்" என்பதற்கு இன்னொரு படி. முதற் படியைத் தமிழ் ஆசிரியர் பார்த்துக்கொள்வார் என்று நாங்கள் இருந்துவிடுகிறோம். இரண்டாவது படி தானாக வந்துவிடும் என்று எல்லோருமே இருந்துவிடுகிறோம்.

எதற்கும் முதலில் செய்ய வேண்டிய சோதனை

மருந்து கொடுக்க முன் நாடி பார்க்க வேண்டும். பிழையாக எழுதிய பிள்ளையைத் தனியே கூப்பிடுங்கள். கொப்பியை மூடி வைத்துவிட்டு, "இதை உன் தம்பிக்குச் சொல்லுற மாதிரி எனக்குச் சொல்லு" என்று கேளுங்கள். சரியாகச் சொன்னால் சிக்கல் மொழியில். அங்கேயும் தடுமாறினால் கையைக் காட்டி, படம் கீறிச் சொல்லச் சொல்லுங்கள். அதுவும் முடியாவிட்டால் சிக்கல் பாடத்தில். இந்தக் குறிப்பு அதற்கு உதவாது, பரிசோதனையை மீண்டும் செய்து காட்டுங்கள். இரண்டு நிமிடம் போதும். அதோடு கரும்பலகையில் உள்ள ஒரு வரியையும் வாசிக்கச் சொல்லிப் பாருங்கள். கடைசி வாங்கில் இருந்து கண்ணைச் சுருக்கும் பிள்ளைக்கு வேண்டியது கண்ணாடி.

அறிகுறி: வாயால் கடகடவென்று சொல்கிறது, தாளில் ஒரு வரிதான்

அதிகம் வருவது இதுதான். நான் செய்த பிழையையும் இதில் சொல்லியாக வேண்டும்.

ஐஸ் தண்ணீர் ஊற்றிய கண்ணாடிக் குவளையின் வெளிப்பக்கத்தில் நீர்த்துளிகள் ஏன் தோன்றுகின்றன என்பது கேள்வி. ஒரு பிள்ளை "கிளாஸ் வேர்த்ததால்" என்று எழுதியிருந்தது. நான் சிவப்புப் பேனையால் குறுக்கே ஒரு கோடு போட்டேன். அடுத்த நாள் அந்தப் பிள்ளை மேசைக்குப் பக்கத்தில் வந்து நின்றது. "டீச்சர், காத்துக்குள்ள இருக்கிற தண்ணி குளிர் கிளாசில பட்டுத் திரும்பத் தண்ணியா ஒட்டுது, அதைத்தான் வேர்க்குது எண்டு எழுதினேன்" என்றது. முழு விளக்கமும் அந்தத் தலைக்குள் இருந்திருக்கிறது. அதைக் கொண்டுவந்து இறக்க ஒரு துறைமுகம் இல்லை, அவ்வளவுதான். உலகத்தின் பெரிய இயற்கைத் துறைமுகங்களில் ஒன்றுக்குப் பக்கத்தில் இருந்துகொண்டு இது!

இதற்குச் செய்ய வேண்டியது, பேச்சிலிருந்து எழுத்துக்குப் படி கட்டுவது. முதலில் பிள்ளை சொன்னதை அப்படியே, திருத்தாமல், கரும்பலகையின் இடது பக்கத்தில் எழுதுங்கள். வகுப்பு சிரிக்கும், சிரிக்கட்டும். அடுத்து, "காத்துக்குள்ள இருக்கிற தண்ணிக்குப் பாடநூலில் என்ன பெயர்?" என்று கேளுங்கள். நீராவி என்று யாராவது சொல்வார்கள். "திரும்பத் தண்ணியா ஒட்டுறதுக்கு?" ஒடுங்கல். இப்படிச் சொல் சொல்லாக வலது பக்கத்தில் எழுதி வந்தால், கடைசியில் "வளியிலுள்ள நீராவி, குவளையின் குளிர்ந்த மேற்பரப்புடன் தொடுகையுறும்போது ஒடுங்கி நீர்த்துளிகளாகிறது" என்ற வாக்கியம் அவர்களாகவே கட்டியதாக நிற்கும். இடது பக்கத்தை அழிக்காதீர்கள். இரண்டும் ஒரே விடயத்தைத்தான் சொல்கின்றன என்பதைப் பிள்ளை கண்ணால் பார்க்க வேண்டும்.

அப்புறம் அந்த வாக்கியத்திலிருந்து ஒரு சட்டகம் எடுக்கலாம். "___ இலுள்ள ___, ___ உடன் தொடுகையுறும்போது ___ ஆகிறது." அதே சட்டகத்தில் சோற்றுப் பானையின் மூடியை எழுதச் சொல்லுங்கள், விடியற்காலைப் பனியை எழுதச் சொல்லுங்கள். ஒரே சட்டகம் மூன்று இடத்தில் பொருந்துவதைக் கண்டதும் சொல்லோடு கருத்தும் பிடிபடும்.

சில ஆசிரியர்கள் இடது பக்கத்தோடு நின்றுவிடுகிறார்கள். பிள்ளைக்கு விளங்கினால் போதும், பேச்சுத் தமிழே காணும் என்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. வினாத்தாள் பேச்சுத் தமிழில் வராது. வேறு சிலர் வலது பக்கத்தில் மட்டுமே நிற்கிறார்கள். பிள்ளையின் பேச்சை வகுப்புக்குள் விடுவதே இல்லை. இறங்கிப் போய்ப் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு ஏற வேண்டும். மேலே நின்று கூப்பிட்டால் வராது, கீழேயே இருந்தாலும் ஆகாது.

அறிகுறி: வரைவிலக்கணம் ஒப்புவிக்கிறது, கேள்வியை மாற்றினால் விழிக்கிறது

மேலே சொன்னதற்கு நேர் எதிர். இங்கே சொல் இருக்கிறது, உள்ளே ஆள் இல்லை. "ஓரலகு கனவளவின் திணிவு அடர்த்தி எனப்படும்" என்று மூச்சு விடாமல் சொல்லும் பிள்ளையிடம், "மகாவலி ஆற்றிலிருந்து கொட்டியாரக்குடாவுக்குள் வள்ளம் வந்தால் அது இன்னும் தாழுமா, கொஞ்சம் உயருமா?" என்று கேட்டுப் பாருங்கள். நன்னீர் ஒரு கன மீற்றர் ஏறக்குறைய 1000 கிலோகிராம், கடல்நீர் 1025 வரை. கடல்நீருக்கு அடர்த்தி கூட. ஆகவே வள்ளம் கொஞ்சம் உயரும். ஒப்புவித்த பிள்ளைக்கு இது வேறு ஏதோ பாடம் போலத் தோன்றும்.

அமெரிக்காவின் விஸ்கொன்சின் பல்கலைக்கழகத்தில் 1969 இல் டொரதி பிரேயரும் அவருடன் இருந்தவர்களும் உருவாக்கிய நாற்கட்டம் இதற்கு நல்ல மருந்து. தாளை நான்காக மடித்து, நடுவில் சொல்லை எழுத வேண்டும். ஒரு கட்டத்தில் பிள்ளையின் சொந்தச் சொல்லில் விளக்கம், இன்னொன்றில் இயல்புகள், மூன்றாவதில் உதாரணம், நான்காவதில் உதாரணம் அல்லாதது. பெரும்பாலான பிள்ளைகள் நான்காவது கட்டத்தில்தான் தடக்கி விழுவார்கள். உண்மையில் விளங்கத் தொடங்குவதும் அங்கேதான். அடர்த்திக்கு உதாரணம் அல்லாததாக "பாரமான கல்" என்று ஒரு பிள்ளை எழுதியது. ஏன் என்று கேட்டேன். "பாரம் கல்லின்ட அளவைப் பொறுத்தது, அடர்த்தி அளவைப் பொறுத்ததில்ல" என்றது. அன்றைக்கு அந்த அலகை அத்தோடு முடித்துக்கொண்டேன்.

ஒரு தவணைக்கு எல்லாச் சொல்லுக்கும் நாற்கட்டம் போட முடியாது. அலகுக்கு மூன்று சொல் தெரிந்தெடுங்கள். அந்தச் சொல் இல்லாவிட்டால் அலகே நகராது என்கிற சொற்களாக அவை இருக்கட்டும்.

அறிகுறி: தெரிந்த சொல்தான், ஆனால் விடை விசித்திரமாக இருக்கிறது

"கரையில் இருக்கும் தோணியை நான்கு பேர் அரை மணி நேரம் தள்ளினார்கள். தோணி அசையவில்லை. செய்யப்பட்ட வேலை எவ்வளவு?" தரம் 10 இல் இந்தக் கேள்வியைப் போட்டால் வகுப்பே கொதிக்கும். பூச்சியம் என்றால் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். "என்ன டீச்சர், வேர்த்து விறுவிறுத்துத் தள்ளினவங்க, வேலை செய்யல்லையா?" என்பார்கள். கடற்றொழில் செய்யும் வீட்டுப் பிள்ளை என்றால் உண்மையிலேயே மனம் நோகும். கரைவலை இழுத்துவிட்டு வந்து படுக்கும் தகப்பனைத் தினமும் பார்க்கும் பிள்ளை அது.

புதுச் சொல்லைவிடப் பழகிய சொல்தான் ஆபத்து. ஆவியுயிர்ப்பு என்றால் தெரியாது என்பது பிள்ளைக்கே தெரியும், அதனால் கேட்கும். வேலை என்றால் தெரியும் என்று நினைக்கும், அதனால் கேட்காது. வலு (power) என்றால் "வலு கெதியா ஓடினான்" என்பதில் வரும் வலு. சக்தி (energy) என்றால் பத்திரகாளி அம்மன் கோயிலில் இருப்பது. கலம் (cell) என்றால் கடலில் போவது. அமிலம், மூலம் (base) என்று சொல்லி முடிக்க முன்பே பின்வாங்கில் சிரிப்புக் கிளம்பும். மூல வியாதி அவர்களுக்கும் தெரியும். அந்தச் சிரிப்பு அடங்க முன் மூலகம், மூலக்கூறு என்று இன்னும் இரண்டு வந்து சேர்ந்துகொள்ளும்.

இதற்கு ஒரே வழி, பழைய பொருளை மறைக்காமல் மேசையில் வைப்பது. "ஊரில் வேலை என்றால் களைப்பு வருவது எல்லாம் வேலை. பௌதிகவியலில் வேலை என்றால் விசையும், அந்த விசையின் திசையில் நகர்ந்த தூரமும் சேர்ந்தது. இரண்டும் சரி. எந்த வீட்டுக்குள் நிற்கிறோம் என்பதைப் பார்த்துப் பேச வேண்டும்." 200 நியூற்றன் விசையால் தள்ளித் தோணி 3 மீற்றர் நகர்ந்தால் 600 யூல். நகராவிட்டால் பூச்சியம். களைப்பு எங்கே போனது என்ற கேள்வி உடனே வரும். தசைக்குள் செலவான சக்தி என்று அடுத்த பாடத்துக்கு அது தானாகவே வழி திறந்துவிடும்.

சில சொற்களில் பேச்சே உதவிக்கு வரும். கதி என்ற சொல் பிள்ளைகளுக்கு அந்நியமாகத் தோன்றும். "கெதியா வா" என்பதில் இருக்கிற அதே கதிதான் என்று சொன்னால் முகம் மலரும்.

அறிகுறி: வீடியோ பார்த்துப் படித்த பிள்ளை சொல்லை மாற்றி எழுதுகிறது

அண்மைக் காலத்து வியாதி இது. பிள்ளை யூடியூபில் தமிழ்நாட்டு ஆசிரியர் ஒருவரின் வகுப்பைப் பார்த்து நன்றாக விளங்கிக்கொண்டு வருகிறது. வகுப்பில் ஒளிச்சேர்க்கை, முடுக்கம், ஆற்றல், தனிமம், அழுத்தம் என்று எழுதுகிறது. எங்கள் பாடநூலில் இவை ஒளித்தொகுப்பு, ஆர்முடுகல், சக்தி, மூலகம், அமுக்கம். இவை தொந்தரவு இல்லாதவை. சொல் வேறு என்பது பார்த்தவுடன் தெரியும்.

தொந்தரவு ஒரே சொல் இரண்டு கரையிலும் வேறு பொருளில் வரும்போதுதான். அங்கே நிறை என்றால் எங்கள் திணிவு (mass). எங்களுக்கு நிறை என்றால் அவர்களுடைய எடை (weight). அங்கே வேகம் என்பது எங்கள் கதி (speed). எங்கள் வேகம் அவர்களுக்குத் திசைவேகம் (velocity). "நிறை எங்கும் மாறாது" என்று ஒரு பிள்ளை எழுதினால் அங்கே முழுப் புள்ளி, இங்கே பிழை.

பிள்ளையைத் திட்டாதீர்கள், வீடியோவையும் திட்டாதீர்கள். தமிழில் விஞ்ஞானம் சொல்லும் முயற்சி பல இடங்களில் தனித்தனியே வளர்ந்தது. யாழ்ப்பாணத்து மானிப்பாயில் 19 ஆம் நூற்றாண்டிலேயே சாமுவேல் கிறீன் என்ற அமெரிக்க மிஷன் மருத்துவர் தமிழில் மருத்துவம் படிப்பித்து, நூல்களையும் தமிழாக்கியிருக்கிறார். இரண்டு கரையிலும் இரண்டு கலைச்சொல் மரபு இருப்பதில் அதிசயம் ஒன்றும் இல்லை. கொப்பியின் கடைசிப் பக்கத்தில் மூன்று நிரல் கீறச் சொல்லுங்கள்: எங்கள் பாடநூற் சொல், வீடியோவில் கேட்ட சொல், ஆங்கிலச் சொல். ஆங்கிலச் சொல்தான் இரண்டையும் கட்டும் கயிறு. உயர்தரத்துக்குப் பிறகு பல்கலைக்கழகம் போனாலும் அது உதவும். பரீட்சைக்கு முதல் நிரலைத்தான் எழுத வேண்டும் என்பதை மட்டும் கண்டிப்பாகச் சொல்லிவிடுங்கள்.

அறிகுறி: நிறைய எழுதியிருக்கிறது, புள்ளி விழவில்லை

வினைச்சொல்லை வாசிக்கவில்லை என்று பொருள். பெயரிடுக என்றால் ஒரு சொல். குறிப்பிடுக என்றால் ஒரு வரி. விபரிக்குக என்றால் என்ன நடக்கிறது என்பதை வரிசையாகச் சொல்ல வேண்டும். விளக்குக என்றால் ஏன் நடக்கிறது என்பதும் வேண்டும். வேறுபடுத்துக என்றால் இரண்டையும் ஒரே அளவுகோலால் அளக்க வேண்டும். இந்தக் கடைசியில்தான் பிள்ளைகள் அதிகம் விழுகிறார்கள். "தாவரக் கலத்தில் கலச்சுவர் உண்டு. விலங்குக் கலம் சிறியது" என்று எழுதுவார்கள். ஒன்றில் சுவரைப் பார்த்துவிட்டு மற்றதில் பருமனைப் பார்த்தால் அது வேறுபடுத்தல் ஆகாது.

பழைய வினாத்தாள் ஒன்றை எடுத்து, விடை எழுத விடாமல், வினைச்சொல்லின் கீழ் மட்டும் கோடு போடச் சொல்லி, "எத்தனை வரி எழுத வேண்டியிருக்கும்?" என்று கேளுங்கள். ஒரு பாடவேளை போதும்.

அறிகுறி: கலைச்சொல் எல்லாம் தெரியும், ஆனாலும் கேள்வி விளங்கவில்லை

இந்த அறிகுறியைக் கண்டுபிடிக்க எனக்கு நீண்ட காலம் எடுத்தது. வினா இதுதான்: "கிண்ணியா, மூதூர், நிலாவெளி ஆகிய இடங்களில் ஒரு நாளில் பதிவான மழைவீழ்ச்சி முறையே 12, 20, 8 மி.மீ. எனின், மூதூரில் பதிவான மழைவீழ்ச்சி யாது?" விடை கேள்விக்குள்ளேயே இருக்கிறது. வகுப்பில் பலர் மூன்றையும் கூட்டினார்கள். மழைவீழ்ச்சி தெரியும், மில்லிமீற்றர் தெரியும். "முறையே"தான் தெரியவில்லை.

இசபெல் பெக் என்ற அமெரிக்க ஆய்வாளரும் அவருடைய சக ஆய்வாளர்களும் சொற்களை மூன்று அடுக்காகப் பிரித்தார்கள். முதல் அடுக்கு வீட்டுச் சொல். மூன்றாவது அடுக்கு பாடத்துக்கே உரிய கலைச்சொல். நடு அடுக்கு எல்லாப் பாடத்திலும் வரும் பொதுச் சொற்கள். அவர்கள் ஆங்கிலத்துக்குச் சொன்னது இது. எங்கள் வினாத்தாள்களைப் பார்த்தால் நடு அடுக்கில் முறையே, எனின், யாது, தவிர்ந்த, சார்ந்து, ஒப்பீட்டளவில், இதன் விளைவாக போன்றவை நிற்கும். கலைச்சொல்லைப் பாட ஆசிரியர் கவனிக்கிறார். வீட்டுச் சொல்லை வீடு கவனிக்கிறது. இந்த நடு அடுக்குக்குச் சொந்தக்காரர் இல்லை. விஞ்ஞான ஆசிரியர் "அது தமிழ்ப்பாடம்" என்பார், தமிழ் ஆசிரியர் "அது கணக்குப்பாடம்" என்பார்.

நான் செய்வது, பேச்சிலிருந்து ஏணி போடுவது. "எண்டா", என்றால், எனின். "அதால", அதனால், இதன் விளைவாக. "என்ன?", எது, யாது. மூன்று படியையும் ஒரு அட்டையில் எழுதிச் சுவரில் ஒட்டியிருக்கிறேன். வாரத்துக்கு ஒரு ஏணிதான். "இண்டைக்கு மழை பெஞ்சா விளையாட்டு இல்ல" என்பதை மூன்றாம் படியில் சொல்லச் சொன்னால், "இன்று மழை பெய்யுமெனின் விளையாட்டு நடைபெறாது" என்று வானொலிச் செய்தி வாசிப்பவர் குரலில் சொல்லிச் சிரிப்பார்கள். சிரித்துக்கொண்டே பழகிவிடுகிறது.

ஊர்ச் சொல்லை ஏணியின் கீழ்ப்படியாக வைப்பது புவியியலுக்கும் பொருந்தும். கச்சான் காற்று என்றால் தெரியாத பிள்ளை இங்கே இல்லை. அந்தச் சூடான மேற்குக் காற்றும் பாடநூலில் வரும் தென்மேல் பருவப் பெயர்ச்சியும் ஒரே காலத்துச் சொந்தக்காரர்கள் என்று யாரும் சொல்லிக் கொடுக்காததால், பிள்ளை ஒன்றை முகத்தில் உணர்கிறது, மற்றதைப் பாடமாக்குகிறது. (கடலையும் கச்சான்தான். அந்தக் கேலியை வகுப்பு உங்களுக்கு முன்பே சொல்லிவிடும்.)

அறிகுறி: இலக்கத்தில் போட்டால் சரி, வசனத்தில் போட்டால் பிழை

வசனக் கணக்கில் மொழி வைக்கும் சில பொறிகள் இருக்கின்றன. ஒரு கிலோ மீனின் விலை 1200 ரூபாய். அது 200 ரூபாயால் அதிகரித்தது என்றால் புதிய விலை 1400. அது 1500 ரூபாயாக அதிகரித்தது என்றால் புதிய விலையே 1500, அதிகரிப்பு 300. "ஆல்", "ஆக" என்ற இரண்டு உருபுகளில் கணக்கே தலைகீழாகிறது. ஆங்கிலத்தில் by, to என்ற சொற்களில் வரும் இதே பொறி தமிழில் உருபுக்குள் ஒளிந்திருக்கிறது. நாங்களேதான் கண்டுபிடித்துச் சொல்ல வேண்டும்.

அடுத்தது "குறைந்தது". "குறைந்தது 10 பேர் வேண்டும்" என்றால் பத்தும் அதற்கு மேலும். பிள்ளையின் காதில் "குறைந்த" என்பது விழுந்தவுடன் பத்துக்குக் கீழ் என்று எழுதிவிடுகிறது. சமனிலியின் குறி (<, >) திரும்பி நிற்பதற்குக் காரணம் கணிதம் இல்லை, இந்தச் சொல். அதேபோல "முதல் வள்ளம் பிடித்த மீன், இரண்டாவது பிடித்ததன் 3 மடங்கு. முதல் வள்ளம் பிடித்தது 60 கிலோ" என்றால் இரண்டாவது 20 கிலோ. மடங்கு என்று கேட்டவுடன் கை பெருக்கிவிடும், 180 வரும்.

முக்கியமான சொற்களுக்கு வர்ணம் தீட்டி, "கூட என்றால் கூட்டு, மடங்கு என்றால் பெருக்கு" என்று பாடமாக்க வைக்கும் பழக்கம் எங்களிடம் இருக்கிறது. தயவுசெய்து அதை விட்டுவிடுங்கள். இந்தப் பொறிகளுக்குள் பிள்ளையைத் தள்ளுவதே அந்தப் பழக்கம்தான். அதற்குப் பதிலாக, கணக்கிலுள்ள எண்களை எல்லாம் மறைத்துவிட்டு எழுதிக் காட்டுங்கள். "முதல் வள்ளம் பிடித்த மீன், இரண்டாவது பிடித்ததன் சில மடங்கு." எந்த வள்ளத்தில் கூட மீன்? எண் இல்லாததால் கைக்கு வேலை இல்லை, தலை வேலை செய்யும். படம் கீறட்டும். அதன் பிறகு எண்ணைத் திறவுங்கள்.

அறிகுறி: தங்குதடையின்றி வாசிக்கிறது, என்ன வாசித்தாய் என்றால் தெரியாது

பாடநூல் வாக்கியம் வினைகளைப் பெயராக்கி ஒன்றுக்குள் ஒன்று அடுக்கி வைத்திருக்கும். பாடநூற் பாணியில் நான் கட்டிய உதாரணம் ஒன்று: "வெப்பநிலை உயர்வின் விளைவாக நீர்நிலைகளில் ஏற்படும் ஆவியாதல் வீத அதிகரிப்பானது காற்றோட்டத்தினால் மேலும் தூண்டப்படுகிறது." உயர்வு, விளைவு, ஆவியாதல், அதிகரிப்பு, காற்றோட்டம் என எல்லாம் பெயர்ச்சொல். யாரும் எதையும் செய்வதாகவே தெரியவில்லை. ஹலிடே என்ற மொழியியலாளர் விஞ்ஞான எழுத்தின் அடிப்படை இயல்பே இந்தப் பெயராக்கம்தான் என்று காட்டினார். நடப்பதைப் பொருளாக்கினால்தான் அதைப் பற்றி மேற்கொண்டு பேச முடியும். ஆகவே இது வெறும் கெடுபிடி இல்லை, காரணத்தோடுதான் இருக்கிறது.

அவிழ்ப்பதற்கு, ஒவ்வொரு பெயரையும் வினையாக்கச் சொல்லுங்கள். வெயில் கூடுகிறது. குளத்து நீர் ஆவியாகிறது. முன்பைவிடக் கெதியாக ஆவியாகிறது. காற்று அடித்தால் இன்னும் கெதியாக. கச்சான் காலத்தில் கந்தளாய்க் குளம் வற்றுவதைப் பார்த்த பிள்ளைக்கு இது புதுச் செய்தியே இல்லை. அவிழ்த்த நான்கு வாக்கியத்தையும் திரும்ப ஒன்றாகக் கட்டச் சொல்லுங்கள். அவிழ்ப்பது பாதி வேலைதான். கட்டத் தெரிந்த பிள்ளைதான் நீளமான விடை எழுதும்.

அறிகுறி: கேள்வி கேட்டால் வகுப்பு அமைதி, அதே மூன்று கைதான் உயர்கிறது

நேரத்தைப் பாருங்கள். மேரி பட் ரோ என்ற ஆய்வாளர் 1970களில் அமெரிக்க வகுப்பறைகளில் அளந்தபோது, கேள்வி கேட்ட ஆசிரியர் சராசரியாக ஒரு விநாடி அளவுதான் காத்திருந்தார். மூன்று விநாடி பொறுத்தால் விடைகள் நீண்டன, பேசாத பிள்ளைகளும் பேசினார்கள். எங்கள் பிள்ளை பேச்சை எழுத்துத் தமிழாக்கி, அதைப் பாடமொழியாக்கிச் சொல்ல வேண்டும். ஒரு விநாடியில் எப்படி முடியும்? முதலில் பக்கத்துப் பிள்ளையோடு கதைக்கட்டும், பிறகு வகுப்புக்குச் சொல்லட்டும்.

அறிகுறி: ஆங்கிலம் சரளம், ஆங்கில மொழிமூல விஞ்ஞானத்தில் சறுக்கல்

இருமொழி வகுப்பு நடக்கும் பாடசாலைகளில் வருவது. கனடாவுக்குக் குடிபெயர்ந்த பிள்ளைகளைப் பற்றி ஜிம் கம்மின்ஸ் என்ற ஆய்வாளர் எழுதியது இங்கே நினைவுக்கு வரும். பேச்சு மொழி இரண்டு வருடமளவில் வந்துவிடும், பாடமொழியில் சக மாணவரை எட்டிப் பிடிக்க ஐந்திலிருந்து ஏழு வருடம் வரை எடுக்கலாம் என்றார். அங்கே பிள்ளையைச் சுற்றி நாள் முழுக்க ஆங்கிலம். இங்கே சில பாடவேளைகள்தான். ஆகவே குழு வேலையில் தமிழில் கதைக்க விடுங்கள், விடையை ஆங்கிலத்தில் எழுதட்டும். தமிழில் கட்டிய கருத்து ஆங்கிலத்துக்கும் கூடவே வரும். தமிழில் கதைத்தால் தண்டம் என்று வைப்பது எனக்கு விளங்காத வழக்கம்.

அறிகுறி: சட்டகம் கொடுத்த பிறகு முப்பத்தைந்து பேரும் ஒரே விடை

இது மருந்தின் பக்கவிளைவு. எனக்கு இரண்டாவது தவணையில் வந்தது. எல்லாத் தாளிலும் "தொடுகையுறும்போது" இருந்தது, தொடுகையே இல்லாத கேள்விக்குக்கூட. சட்டகத்தை முழுதாகக் கொடுத்துக்கொண்டே இருந்தால் அது சாரக்கட்டாக இல்லாமல் சுவராகிவிடும். முதல் வாரம் முழுச் சட்டகம், அடுத்த வாரம் தொடக்கச் சொல் மட்டும், அதற்கு அடுத்த வாரம் சொற்பட்டியல் மட்டும், பிறகு எதுவும் இல்லை. யாராவது சறுக்கினால் அந்தப் பிள்ளைக்கு மட்டும் ஒரு படி திரும்பக் கொடுங்கள். வகுப்பு முழுவதற்கும் கொடுக்காதீர்கள். எதுவும் இல்லாத அந்த வாரத்துத் தாள்களில் பிழை கூடும், எழுத்து கோணலாகும், சிலர் பழையபடி "கிளாஸ் வேர்த்தது" என்று தொடங்குவார்கள். சிவப்புப் பேனையை எடுக்க முன் அடுத்த வரியையும் வாசியுங்கள். போன தவணை ஒரு தாளில் அதற்குக் கீழே இப்படி இருந்தது: "அதாவது வளியிலுள்ள நீராவி ஒடுங்கியது."